முதல் பரிசாக ஒரு சிவப்பு மக்

காலர் அக்கா வீட்டு அலமாரியின் மேல்தட்டில், கண்ணாடிக் கதவுக்குப் பின்னால், ஒரு சிவப்பு பிளாஸ்டிக் மக் இருந்தது. வாளியில் தண்ணீர் மொண்டு ஊற்றுகிற சாதாரண மக். அதற்குப் பக்கத்தில் மகள் ஓட்டப்பந்தயத்தில் வாங்கிய கோப்பை, கல்யாணத்துக்கு வந்த ஓடாத கடிகாரம். வீட்டுக்கு வருகிறவர்கள், "இது எதுக்கு இங்க இருக்கு?" என்று கேட்பார்கள். "ஒருத்தருக்குத் திருப்பிக் கொடுக்கணும்," என்பாள். இரவல் பொருள் என்று நினைத்துக்கொள்வார்கள். இரவல் இல்லை, பரிசு. அதை அவள் வாங்கியபோது கை தட்டிய நாற்பத்தொரு பேரில் நானும் ஒருத்தி. இந்தக் கதையைச் சொல்ல உனக்கு என்ன யோக்கியதை என்று யாராவது கேட்கலாம். ஆனாலும் சொல்லத்தான் போகிறேன்.

நாங்கள் வேலை செய்வது சட்டை கம்பெனியில். நான்காம் லைனில் நாற்பத்திரண்டு மெஷின். ஒருத்தி பை வைப்பாள், ஒருத்தி தோள் மூட்டுவாள், நான் கைப்பட்டி தைப்பேன். எனக்கு நேர் முன் மெஷின் காலர் அக்காவுடையது. சட்டையில் வேறு எது கோணினாலும் மடித்து அடித்து மறைத்துவிடலாம். காலர் கோணினால் முகத்துக்குக் கீழே உட்கார்ந்துகொண்டு ஊரைக் கூட்டும். அக்கா தைத்த காலரின் இரண்டு முனைகளையும் ஒன்றின் மேல் ஒன்று வைத்தால் நூலளவு பிசகாது. பதினான்கு வருஷத்தில் அவள் காலர் ஒன்று திரும்பி வந்து நான் பார்த்ததில்லை. அப்படிப்பட்டவளைப் பற்றி எழுதினால் விரலைப் பற்றி எழுத வேண்டும். ஆனால் அவள் வாழ்க்கையை நடத்தியது விரல் இல்லை, வயிறு.

அந்த வயிறு சின்ன வயதிலேயே அவளோடு மல்லுக்கு நின்றது. பள்ளிக்குக் கிளம்பும் நேரம் பார்த்துத் தொப்புளைச் சுற்றிப் பிசையும். லீவு நாளில் வலிக்காது. அது ஒன்றே போதும் என்று அவள் அம்மா அதற்குப் "பள்ளிக்கூட வயித்துவலி" என்று பெயர் வைத்து, கரண்டிக் காம்பால் வைத்தியம் பார்த்தாள். இருபத்து மூன்று வயதில் ஒரு தடவை வாந்தியும் பேதியுமாகக் கிடந்து எழுந்தாள். கிருமி போய்விட்டது, வயிறு மட்டும் பழையபடி ஆகவே இல்லை. திடீரென்று முறுக்கும், போய்விட்டு வந்தால் அடங்கும். சில நாள் ஓட்டம், சில நாள் மூன்று நாளைக்கு ஒன்றுமே இல்லை. மதியத்துக்குள் பாவாடை நாடாவை ஒரு முடிச்சு தளர்த்த வேண்டியிருக்கும்.

பார்க்காத டாக்டர் இல்லை. இரத்தம் எடுத்தார்கள், ஸ்கேன் எடுத்தார்கள், குழாய் விட்டுப் பார்த்தார்கள். எல்லாவற்றிலும் நார்மல் என்று வந்தது. நார்மல் என்ற சொல்லைக் கேட்டு அழுத பெண் என் வாழ்க்கையிலேயே அவள் ஒருத்திதான். அவள் புருஷன் சரக்கு லாரி ஓட்டுகிறவர், மாதத்தில் நாலு நாள் வீட்டில் இருப்பார். "அதான் ஒண்ணுமில்லன்னு டாக்டரே சொல்லிட்டாரே, அப்புறம் என்ன வலி?" என்று கேட்டுவிட்டு லாரியில் ஏறிவிடுவார். எனக்குங்கூட உள்ளுக்குள் ஒரு சந்தேகம் இருந்தது, கொஞ்சம் கூட்டித்தான் சொல்கிறாளோ என்று. தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும்.

இப்போது மணிக்கூண்டுக்கு வருகிறேன். எங்கள் லைன் சூப்பர்வைசர். ஆறடிக்கு மேல் உயரம், இடது கையில் ஒரு வாட்ச், கழுத்தில் தொங்கும் இன்னொரு வாட்ச். பெயர் வைக்க எங்களுக்கு அரை நிமிஷம்கூட ஆகவில்லை. அவர் மேசைக்குப் பின்னால் சுவரில் ஒரு ஆணி, ஆணியில் ஒரு பச்சை அட்டை. பாத்ரூம் போகிறவள் அந்த அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு லைன் முழுக்க நடந்து போக வேண்டும். நாற்பத்திரண்டு பேருக்கு ஒரே அட்டை. போன நேரம், வந்த நேரம், யார் என்பதை ஒரு நீளப் பதிவேட்டில் முத்து முத்தாக எழுதுவார், நாள் முடிவில் ஆளுக்கு எத்தனை தடவை என்று கூட்டியும் போடுவார். அந்தக் கையெழுத்தைப் பார்த்தால் கும்பிடத் தோன்றும். அந்தக் கையை என்ன செய்யத் தோன்றும் என்பதை இங்கே எழுதவில்லை.

அக்காவுக்கும் அந்த ஆணிக்கும் ஒரு தனி உறவு உண்டு. தைத்துக்கொண்டே பத்து நிமிஷத்துக்கு ஒரு தரம் திரும்பிப் பார்ப்பாள். அட்டை ஆணியில் இருக்கும்வரை வயிறு சும்மா இருக்கும். வேறு யாராவது எடுத்துக்கொண்டு போனால், அந்த நிமிஷமே முறுக்க ஆரம்பிக்கும். நெற்றியில் வேர்வை அரும்பும். காலரைக் கீழே வைக்காமல், பல்லைக் கடித்துக்கொண்டு, ஒரு காலை இன்னொரு காலோடு சேர்த்து அழுத்திக்கொண்டு தைப்பாள். பின்னால் இருந்து எனக்கு அவள் முதுகு மட்டும்தான் தெரியும். முதுகே சொல்லிவிடும்.

நாலு வருஷத்துக்கு முன்னால் ஒரு வெள்ளிக்கிழமை. வாரக் கடைசியில் எல்லோரையும் நிற்க வைத்து, மைக்கில் அந்த வாரத்துக் கணக்கைச் சொல்வது வழக்கம். அன்றைக்கு மணிக்கூண்டு ஒரு பையிலிருந்து சிவப்பு மக்கை எடுத்தார். கைப்பிடியில் ரிப்பன் வேறு கட்டியிருந்தார்.

"இந்த வாரம் அதிக தடவை போய் வந்தவங்களுக்கு முதல் பரிசு. வாம்மா காலர். ரெண்டு கையால வாங்கிக்கணும், மரியாதை இல்லாம ஒரு கையை நீட்டாத. எல்லாரும் கை தட்டுங்க."

அவள் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். நாங்கள் தட்டினோம். சிலர் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை என்று இப்போது நினைத்துக்கொள்கிறேன், உண்மையா என்று தெரியவில்லை.

பஸ்ஸில் மக்கை மடியில் வைத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தாள். பாதி வழியில், "நீயும் தட்டினியா?" என்று கேட்டாள்.

"எல்லாரும் தட்டினாங்க அக்கா."

"எனக்குப் பின்னால ரொம்பப் பக்கத்துல ஒரு சத்தம் கேட்டுச்சு."

நான் டிக்கெட்டைச் சுருட்டினேன், பிரித்தேன். அவள் அதைப் பற்றி அப்புறம் பேசவில்லை. இறங்கும்போது மட்டும் சொன்னாள்: "இதே மக்கை அவன் மேசையில வெச்சு, ரெண்டு கையால அவனை வாங்க வெக்கலன்னா பாரு. அது வரைக்கும் வேலையை விட மாட்டேன்."

அன்று முதல் அவள் கருவிக்கொண்டே இருந்தாள். நானும் கூடச் சேர்ந்துகொண்டேன், தட்டிய கைக்குப் பிராயச்சித்தம். எங்கள் முதல் பழி யாருக்கும் தெரியாது. கம்பெனி சூப்பர்வைசர்களுக்கு வருஷத்துக்கு இரண்டு சட்டை தருகிறது. மணிக்கூண்டின் சட்டை எங்கள் லைனில்தான் வந்தது. அக்கா காலரின் ஒரு முனையை அரை விரற்கடை நீளமாகத் தைத்தாள். நான் ஒரு கைப்பட்டியை இறுக்கமாக வைத்தேன், வாட்ச் மேலே ஏற முடியாத அளவுக்கு. ஒரு வருஷம் முழுக்க அவர் அதைப் போட்டுக்கொண்டு, ஒரு பக்கம் சாய்ந்த கழுத்தோடு லைனில் நடந்தார். எங்களைத் தவிர ஒருவர் கண்ணிலும் அது படவில்லை. அவர் எங்களைத் தாண்டிப் போகும்போதெல்லாம் அக்காவின் முதுகு குலுங்கும். அந்தச் சட்டை கிழிந்தபோது எங்களுக்கு உண்மையாகவே வருத்தமாக இருந்தது.

அக்கா குடும்பம் எங்களுக்குக் கீழ் வீடு. அவள் வீட்டுப் பாத்ரூமுக்கும் என் வீட்டுப் பாத்ரூமுக்கும் ஒரே குழாய்ச் சந்து. கீழே தும்மினால் மேலே கேட்கும். காலையில் எனக்குக் கடிகாரமே வேண்டாம். ஆறு நாற்பதுக்கு அக்கா, மகள் உள்ளே இருக்கும் பாத்ரூம் கதவுக்கு வெளியே நின்றுகொண்டு எண்ண ஆரம்பிப்பாள். "நூறு எண்றதுக்குள்ள வெளிய வரணும். ஒண்ணு, ரெண்டு, மூணு..." எழுபதைத் தாண்டினால் கதவைத் தட்டுவாள். தொண்ணூறில் குரல் உயரும். ஏழு பத்து பஸ்ஸை விட்டால் கேட் மூடிவிடுவார்கள், கேட் மூடினால் மணிக்கூண்டு மைக்கில் பெயர் சொல்லுவார். அவள் அவசரம் எனக்குப் புரிந்தது. அவள் அறுபதைத் தொடும்போது நான் தலை சீவி முடித்திருப்பேன்.

மகளுக்கு ஒன்பது வயது. வாலு என்றுதான் கூப்பிடுவோம், வால்தனம் எல்லாம் போன வருஷத்தோடு நின்றுவிட்டது. காலையில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவாள். மூன்று நாள், நாலு நாள் வெளிக்குப் போகாமல் அடக்கிக்கொள்வாள். பள்ளியில் இரண்டு தடவை பாதியில் அனுப்பிவிட்டார்கள். அக்காவுக்கு அதைப் பார்த்துக் கோபம்தான் வந்தது. "நான் பட்டது போதாதுன்னு நீயும் ஆரம்பிச்சுட்டியா?" என்று கேட்டாள். அவள் அம்மா கரண்டிக் காம்போடு பேசியிருக்கக்கூடிய தொனி அது.

கடைசியில் பெரிய ஆஸ்பத்திரிக்கு இரண்டு பேரும் போனார்கள். பெரியவர்கள், குழந்தைகள் என்று எல்லோருடைய குடலையும் பார்க்கிற ஒரு டாக்டரம்மா. துணைக்கு நானும் போனேன். மகளைப் பார்த்துவிட்டு, "வீட்ல வேற யாருக்காவது இப்படி உண்டா?" என்று கேட்டார். அக்கா தன் ஃபைலை நீட்டினாள். பதினைந்து வருஷத்து நார்மல். டாக்டரம்மா ஒவ்வொரு தாளாகப் பார்த்தார். இரத்தம் போகிறதா, காரணமில்லாமல் எடை குறைகிறதா, காய்ச்சல் வருகிறதா, தூக்கத்திலிருந்து எழுப்புகிற வலி உண்டா, சோகை உண்டா என்று கேட்டார். எதுவும் இல்லை. குழந்தை வளர்த்தியையும் பார்த்தார், சரியாக இருந்தது.

"அப்போ நடிப்புன்னு சொல்லப் போறீங்க," என்றாள் அக்கா.

"யார் சொன்னா? வலி நிஜம். புண்ணு இல்ல, கட்டி இல்ல, அவ்வளவுதான். குடல் பார்க்க நல்லாத்தான் இருக்கு, வேலை செய்யற விதத்துலதான் கோளாறு. மூளைக்கும் வயித்துக்கும் நரம்பு வழியா நாள் முழுக்கப் பேச்சு நடக்குது. உங்களுக்கு அந்தப் பேச்சு ரொம்பச் சத்தமாக் கேக்குது. மத்தவங்களுக்குத் தெரியாத சின்ன அசைவுகூட உங்களுக்கு வலியா வருது. பயந்தா வயித்தைக் கலக்குதுன்னு நாமே சொல்றோம் இல்ல? அது வெறும் பேச்சு இல்ல."

பதினைந்து வருஷத்தில் வலி நிஜம் என்று ஒருவர் சொன்னது அதுதான் முதல் தடவை. அக்கா அழவில்லை. நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். இந்தத் தொல்லை மிக நிறையப் பேருக்கு இருக்கிறது, உயிருக்கு ஆபத்தில்லை, முழுசாகப் போகாவிட்டாலும் அடக்கி வைக்கலாம் என்றார் டாக்டரம்மா. முறுக்கைத் தணிக்க ஒரு மாத்திரை எழுதினார். சாப்பாட்டில் எது ஒத்துக்கொள்ளவில்லை என்று ஒவ்வொன்றாகப் பார்க்கச் சொன்னார், ஒரேயடியாக எல்லாவற்றையும் நிறுத்தக் கூடாது என்றார். மகளுக்கு மலம் இளக ஒரு மருந்து. காலையில் சாப்பிட்டதும் காலுக்கு ஒரு முக்காலி போட்டு அவள்பாட்டுக்கு உட்காரட்டும், வலி என்றாலும் பள்ளியை நிறுத்த வேண்டாம், வலியைப் பற்றித் துருவித் துருவிக் கேட்க வேண்டாம் என்றார்.

பிறகு இரண்டு பேருக்கும் கட்டம் போட்ட தாள் கொடுத்தார். எப்போது வலித்தது, எப்போது போனது, எப்படிப் போனது, அன்றைக்கு என்ன நடந்தது. அக்காவுக்கு இரண்டு வாரம், மகளுக்கு ஒரு மாதம். "பாப்பா தாளை பாப்பாவே எழுதட்டும். நீங்க எட்டிப் பார்க்காதீங்க."

அக்காவால் அந்தத் தாளில் ஒரு கட்டத்தைக்கூட நிரப்ப முடியவில்லை. வீட்டுக்கு வந்து எழுதலாம் என்றால் நேரம் எதுவும் நினைவில் இருக்காது, எங்கள் லைனிலோ பேனா தடை. வெள்ளைச் சட்டையில் மை பட்டால் போச்சு என்று கேட்டிலேயே பிடுங்கி வைத்துக்கொள்வார்கள். தையல் சாக்கட்டியால் மெஷின் மேசைக்கு அடியில் கோடு போட்டுப் பார்த்தாள். சாயந்திரம் எண்ணெய்த் துணியால் துடைக்கிறவள் அதையும் சேர்த்துத் துடைத்துவிட்டாள். இரண்டு வாரம் போனது, தாள் வெள்ளையாகவே இருந்தது.

அந்த நேரம் பார்த்து நோட்டீஸ் வந்தது. அளவுக்கு மீறி வேலை இடத்தை விட்டுப் போகிறவளை ஏன் வேலையை விட்டு நீக்கக் கூடாது, பத்து நாள் கழித்து விசாரணை, துணைக்கு ஒரு சக தொழிலாளி வரலாம். கூடவே ஆதாரமாக மணிக்கூண்டின் பதிவேட்டின் மூன்று மாத நகல். ஒரு பக்கம் விடாமல் நகலெடுத்து, பின் அடித்து, ஓரத்தில் கையெழுத்துப் போட்டிருந்தார். அக்காவின் வேலை போனால் அந்த வீட்டில் அடுப்பெரிவது லாரியை நம்பித்தான். அவள் நகலைப் புரட்டிக்கொண்டே இருந்தாள். திடீரென்று சிரித்தாள். எனக்குப் பயமாகிவிட்டது.

"இத பாரு," என்றாள். "டாக்டரம்மா கேட்ட தாளு. மூணு மாசத்துக்கு அவனே எழுதி வெச்சிருக்கான்."

டாக்டரம்மா அந்த நகலைப் பார்த்துவிட்டு, இவ்வளவு சுத்தமான குறிப்பை எந்த நோயாளியும் தனக்குக் கொண்டுவந்ததில்லை என்றார். பேனா முனையால் வரிசையாகக் கீழே இறங்கினார். ஆறு, ஏழு, ஐந்து, ஏழு. ஓரிடத்தில் பேனா நின்றது.

"இந்தப் பதினோரு நாளும் என்ன பண்ணீங்க? ஒண்ணு, ரெண்டு, ஒண்ணுன்னு இருக்கு. வேற மருந்து ஏதாவது சாப்பிட்டீங்களா? ஊருக்குப் போயிருந்தீங்களா?"

அக்கா குனிந்து தேதியைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் புரிந்தது.

"அந்தாளு ட்ரெயினிங் போயிருந்தான்," என்றாள்.

அந்தப் பதினோரு நாள் லைனைப் பார்த்துக்கொண்டவர் கண்ணாடி அண்ணன். சட்டையைச் சோதிக்கிறவர், புட்டிக் கண்ணாடி போட்டவர். அவர் அட்டையை ஆணியிலிருந்து எடுத்து மேசை மேல் போட்டுவிட்டு, "போறவங்க போங்க, வரும்போது நேரத்தை மட்டும் சொல்லுங்க," என்று சொல்லிவிட்டார். பதிவேடு எழுதச் சொல்லியிருந்தார்கள், எழுதினார், ஒரு நாள் விடவில்லை. முறைக்கவில்லை, மைக்கைத் தொடவில்லை. அட்டை இருக்கிறதா என்று அக்கா திரும்பிப் பார்க்கவும் இல்லை. அப்போது எங்கள் இருவருக்கும் அது உறைக்கவே இல்லை.

டாக்டரம்மா ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தார். போக முடியாதோ என்ற பயமே குடலை முடுக்கிவிடும், தடையில்லாமல் போக விட்டால் போகும் தேவையே குறையும், இணைத்துள்ள பதிவேடே அதற்குச் சாட்சி. பஸ்ஸில் வரும்போது அக்கா அந்தக் கடிதத்தைப் பிரித்துப் பிரித்துப் படித்தாள். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். எங்கள் மணிக்கூண்டு தன் கையெழுத்தால் கெடப்போகிறார் என்று எனக்குத் தேனாக இனித்தது.

அந்தப் பத்து நாளில் இரண்டு நாள் மாமியாருக்கு உடம்பு முடியவில்லை என்று அக்கா போய்விட்டாள். வாலு என் வீட்டில் தங்கினாள். விசாரணையை நினைத்து ராத்திரி தூக்கம் வராமல், இரண்டு நாளும் நான் காலையில் கண் அசந்துவிட்டேன். வாலு தானே எழுந்து, தானே குளித்து, என்னை எழுப்பினாள். பள்ளிக்கு இரண்டு நாளும் தாமதம். அக்காவிடம் சொல்ல வேண்டாம் என்று அவளிடம் கெஞ்சிக் கேட்டுக்கொண்டேன்.

விசாரணை நாள் காலையில் குழாய்ச் சந்தில் எண்ணிக்கை கேட்கவில்லை, கூச்சல்தான் கேட்டது. இறங்கிப் போனேன். அலமாரிக் கதவு திறந்து கிடந்தது. மேல்தட்டில் கோப்பை இருந்தது, ஓடாத கடிகாரம் இருந்தது, மக்கைக் காணவில்லை. அக்கா கட்டிலுக்கடியில் தேடினாள், அரிசி டிரம்முக்குப் பின்னால் தேடினாள்.

"நாலு வருஷம் வெச்சிருந்தேன். இன்னிக்குன்னு பார்த்து எங்கடி போச்சு? நீ எடுத்தியா?"

வாலு பாத்ரூமுக்குள் இருந்தாள். அக்கா கதவை இரண்டு கையாலும் அறைந்தாள். "நூறு எண்றதுக்குள்ள வர்ற. ஒண்ணு, ரெண்டு..." அறுபதுக்கு மேல் எண்ண நேரமில்லை. பஸ்ஸுக்கு ஓடினோம். மக் இல்லாமல் போகிறோமே என்று வழியெல்லாம் அவளுக்கு மனம் ஆறவில்லை.

மேனேஜர் அறையில் குளிர் அதிகம். மேசை மேல் கம்ப்யூட்டர், ஒரு மாதிரிச் சட்டை, பாதி தீர்ந்த வயிற்றெரிச்சல் மாத்திரை அட்டை. மணிக்கூண்டு அசல் பதிவேட்டை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். அக்கா டாக்டரம்மாவின் கடிதத்தைக் கொடுத்தாள். மேனேஜர் படித்துவிட்டு ஓரமாக வைத்தார். அவர் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

"சார், அந்தப் பதிவேட்டை அவரையே படிக்கச் சொல்லுங்க," என்றாள் அக்கா. "சத்தமா. மைக்குல படிக்கற மாதிரி."

மணிக்கூண்டுக்கு அதில் சந்தோஷம்தான். தொண்டையைக் கனைத்துக்கொண்டு ஆரம்பித்தார். "மூணாம் தேதி, ஆறு தடவை. நாலாம் தேதி, ஏழு தடவை. அஞ்சாம் தேதி, ஏழு தடவை." ஒவ்வொரு ஏழுக்கும் மேனேஜரை ஒரு பார்வை பார்த்தார்.

"அடுத்த பக்கம்," என்றாள் அக்கா.

"ஒன்பதாம் தேதி, ஒரு தடவை." நிறுத்தினார். "பத்தாம் தேதி, ரெண்டு. பதினொண்ணு... ஒண்ணு."

"இன்னும் இருக்கு. படிங்க."

குரல் இறங்கிக்கொண்டே போனது. ஒன்று, ஒன்று, இரண்டு, ஒன்று. மேனேஜர் நிமிர்ந்தார். "இது உங்க கையெழுத்து இல்லையே?"

"கண்ணாடி எழுதினது சார். நான் ட்ரெயினிங் போயிருந்தேன். அவர் சரியா எழுதியிருக்க மாட்டாரு."

"நீங்கதானே ஒவ்வொரு பக்கமும் சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டிருக்கீங்க," என்றேன் நான். துணைக்கு வந்தவள் பேசலாமா கூடாதா என்று தெரியாது. பேசிவிட்டேன்.

அக்கா கடைசியாக ஒன்று கேட்டாள். "அந்தப் பதினோரு நாள் என் மெஷின்ல காலர் எத்தனை இறங்குச்சுன்னு பாருங்க சார்."

மேனேஜர் கம்ப்யூட்டரைத் தட்டினார். ரொம்ப நேரம் பார்த்தார். வயிறு அவருக்குப் புரிந்ததா என்று சொல்ல மாட்டேன், எண்ணிக்கை புரிந்தது. நாளுக்கு ஐம்பது காலர் அதிகம். மணிக்கூண்டைப் பார்த்து, "அந்த ஆணியை நீங்களே போய்க் கழட்டுங்க," என்றார். "திங்கட்கிழமையிலேருந்து நீங்க பெட்டி அடுக்கற இடத்தைப் பாருங்க. லைனைக் கண்ணாடி பார்த்துக்கட்டும்." சொல்லிவிட்டு ஒரு மாத்திரையைப் பிய்த்து வாயில் போட்டுக்கொண்டார்.

நாற்பத்திரண்டு மெஷினும் நின்றன. மணிக்கூண்டு குறட்டால் ஆணியை இழுத்தார், வரவில்லை. திரும்ப இழுத்தார், சுவர்க் காரையோடு வந்தது. யாரும் கை தட்டவில்லை. தட்டியிருக்கலாம் என்று எனக்கு இன்னும் குறைதான். அக்கா அவரைப் பார்த்துக்கொண்டே நின்றாள். "மக் மட்டும் கையில இருந்திருந்தா," என்று என் காதில் சொன்னாள்.

சாயந்திரம் கேக் வாங்கிக்கொண்டு இரண்டு பேரும் அவள் வீட்டுக்குப் போனோம். அக்கா செருப்பைக் கழற்றும்போதே கதையை ஆரம்பித்துவிட்டாள். அவர் எப்படிப் படித்தார், எங்கே குரல் உடைந்தது, ஆணி எப்படி வந்தது என்று நடித்தே காட்டினாள். "அவன் இருந்தா ஏழு, அவன் இல்லன்னா ஒண்ணு. என் வயித்துல இருந்தது வியாதியே இல்ல, அவன்தான்," என்றாள். வாலு நாற்காலியில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டே இருந்தாள்.

"நாளைக்குச் சாயந்திரம் டாக்டரம்மாவைப் பார்க்கணும். உன் தாளைக் கொடு, ஃபைல்ல வெக்கறேன்," என்றாள் அக்கா.

வாலு உள்ளே போனாள். வரும்போது ஒரு கையில் தாள், இன்னொரு கையில் சிவப்பு மக். கைப்பிடியில் அவளுடைய தலை ரிப்பனைக் கட்டியிருந்தாள்.

"நீதான் எடுத்தியா?" என்று அக்கா எழுந்தாள். "எதுக்குடி?"

வாலு முதலில் தாளைக் கொடுத்தாள். அக்கா படித்தாள், அவள் தோளுக்கு மேலாக நானும் படித்தேன். பென்சில் எழுத்து, கட்டத்துக்கு வெளியே போகாமல். வலித்தது, போகவில்லை. அன்றைக்கு என்ன நடந்தது: அம்மா நூறு வரைக்கும் எண்ணினாங்க. அடுத்த நாள், வலித்தது, அம்மா எண்பத்தாறு வரைக்கும் எண்ணினாங்க, கதவைத் தட்டினாங்க. அடுத்த நாளும் அதேதான். பக்கம் முழுக்க அதே. நடுவில் இரண்டே இரண்டு நாள். வலி இல்லை, போனது. அம்மா ஊர்ல இல்ல. மேல் வீட்டு ஆன்ட்டி தூங்கிட்டாங்க.

அக்கா அந்த இரண்டு கட்டத்திலேயே நின்றாள். டாக்டரம்மாவின் பேனா நின்ற மாதிரியே நின்றாள்.

வாலு மக்கை நீட்டினாள். எத்தனை தடவை அம்மா வாயிலிருந்து இதைக் கேட்டிருப்பாள், வரி மாறாமல் வந்தது.

"இந்த மாசம் முதல் பரிசு. ரெண்டு கையால வாங்கிக்கணும்."

பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தாள். "ஆன்ட்டி, கை தட்டுங்க."

என் கை எழவில்லை. அக்கா குழந்தையை அறைந்துவிடுவாளோ என்றுகூட ஒரு நொடி நினைத்தேன். அவள் தாளை மேசையில் வைத்தாள். இரண்டு கையையும் நீட்டி, அந்த மக்கை வாங்கிக்கொண்டாள். கேக்கை யாரும் வெட்டவில்லை.

மறுநாள் காலை ஆறு நாற்பதுக்கு நான் சீப்பைக் கையில் வைத்துக்கொண்டு குழாய்ச் சந்து ஜன்னலோரம் நின்றேன். கீழே பாத்ரூம் கதவு சாத்தும் சத்தம் கேட்டது. முக்காலியைத் தரையில் இழுக்கும் சத்தம் கேட்டது. பிறகு அக்காவின் குரல், "ஒண்ணு..."

அவ்வளவுதான். இரண்டு வரவில்லை. நான் காத்திருந்தேன், அவளும் கீழே காத்திருந்தாள் என்று நினைக்கிறேன். ரொம்ப நேரம் கழித்துத் தண்ணீர் கொட்டும் சத்தம் வந்தது. அன்றைக்கு ஏழு பத்து பஸ் எங்கள் இரண்டு பேரையும் விட்டுவிட்டுப் போய்விட்டது.